நாலெல்லைக்குள் ஒரு செந்தமிழ்

திருச்சியில் நான் கல்லூரியில் சேர்ந்த புதிது. ஊரிலிருந்து அம்மா பார்க்க வந்திருந்தாள். விடுதி வாசலில் நின்று, "அப்பா ஒன்னைய நல்லாச் சாப்பிடச் சொன்னாக" என்றாள். நண்பர்கள் சிரித்துவிட்டார்கள். அவர்கள் வீடுகளில் 'சொன்னாங்க' என்பார்கள். அம்மாவை அவசரமாக பஸ் நிலையத்துக்கு அழைத்துப் போனேன். வழியெல்லாம் நானே பேசினேன். அவளைப் பேச விடவில்லை.

எழுதும்போது எல்லோரும் 'சொன்னார்கள்' என்றுதான் எழுதுகிறோம். 'சொன்னாக', 'சொன்னாங்க' இரண்டும் அதைவிட்டு விலகியவைதாம். ஒன்று நாகரிகமாகவும் மற்றொன்று பட்டிக்காடாகவும் ஆனது எப்படி?

இது நேற்றுப் பிறந்த கதையல்ல. வழக்கு என்பது உயர்ந்தோரைச் சார்ந்தது என்று தொல்காப்பியத்தின் மரபியலே சொல்லிவிட்டது. அந்நூலின் பழைய உரைகளில் செந்தமிழ் நிலத்துக்கு எல்லையும் வகுத்திருக்கிறார்கள்: வடக்கே மருதையாறு, தெற்கே வைகை, மேற்கே கருவூர், கிழக்கே மருவூர். திருச்சி உள்ளே; திருநெல்வேலி வெளியே. அது போகட்டும், வைகையின் தென்கரையில் நிற்கும் மதுரை மீனாட்சி கோயிலும் வெளியேதான்!

பின்னால் வந்த உரையாசிரியர் தெய்வச்சிலையார் இதை ஒப்பவில்லை. அப்படியானால் கொற்கையும் கொடுங்கோளூரும் காஞ்சியும் தமிழ் திரிந்த நிலங்களாகிவிடுமே என்று மறுத்தார். வேங்கடம் முதல் குமரி வரை செந்தமிழ் நிலமே என்றார். நல்ல மனிதர். ஆனால் அவரும் வேலியைப் பிடுங்கவில்லை, தள்ளித்தான் நட்டார்.

தஞ்சாவூர் 'தஞ்சை' என்று குறுகினால் இலக்கணம் அதை மரூஉ என்று மரியாதையாக அழைக்கிறது. வயற்காட்டில் குறுகுகிற சொல்லுக்குக் கொச்சை என்று பெயர். சொல்லைப் பார்த்தா தீர்ப்புச் சொல்கிறோம்? சொன்ன வாயைப் பார்த்துத்தான்.

கொற்கை எங்கள் ஊருக்குப் பக்கம். அந்த உரையை அன்றே படித்திருந்தால் நண்பர்களிடம் வாதாடியிருப்பேன். பாண்டியரின் பழைய துறைமுகத்துப் பேச்சாக்கும் இது என்று மார்தட்டியிருப்பேன். அதுவும் பிழைதான். அம்மாவின் பேச்சுக்குப் பாண்டியன் எதற்குச் சாட்சி?

இன்று என் கதைகளில் வரும் பெண்கள் 'சொன்னாக' என்கிறார்கள். அச்சுக்குப் போகுமுன் யாரோ அதைத் திருத்திவிடுகிறார்கள். நான் பழையபடி மாற்றி எழுதுகிறேன். அன்று பஸ் நிலையம் வரை பேசாமலே வந்தவளுக்கு இப்போது என்னால் செய்ய முடிந்தது அவ்வளவுதான்.