கல்லடியில் ஒரு சமாதி

நாட்டின் தலைவர் ஒருவர் இறந்தால் கொடி அரைக்கம்பத்துக்கு இறங்கும். இலங்கையில் வீதிக்கு வீதி வெள்ளைக்கொடி கட்டுவார்கள். அரசு துக்க தினம் அறிவிக்கும். 1947 ஜூலை 19ஆம் திகதி சுவாமி விபுலாநந்தர் கொழும்பில் மறைந்தபோது, இலங்கைக்குச் சுதந்திரம் கிடைக்க இன்னும் ஆறரை மாதம் இருந்தது. அவரோ எந்தத் தேர்தலிலும் நிற்காத துறவி. ஆனாலும் பாக்கு நீரிணையின் இரு கரையிலும் தமிழர் அவரைத் தங்கள் தலைவராகவே கருதி அழுதார்கள்.

அதற்கு ஆறு வாரம் முன்புதான், ஜூன் 5, 6ஆம் திகதிகளில், திருக்கொள்ளம்பூதூர்க் கோயிலில் அவருடைய ‘யாழ்நூல்’ அரங்கேறியது. வழக்கொழிந்த பழந்தமிழ் யாழ்களைக் கணிதத்தின் துணையோடு மீட்டெடுத்த நூல் அது, பல்லாண்டு உழைப்பு. நோயில் தளர்ந்த உடம்போடுதான் அந்த விழாவுக்குப் போனார். 1931இல் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்திலும் 1943இல் இலங்கைப் பல்கலைக்கழகத்திலும் முதல் தமிழ்ப் பேராசிரியராக அமர்ந்தவர் அவரே.

உடல் மட்டக்களப்புக்கு வந்தது. துறவியரை எரிக்காமல் சமாதி வைப்பது பொதுவான வழக்கம். பிறந்த ஊர் காரைதீவு இருந்தது. ஆனால் வாவியைக் கடந்து கல்லடி உப்போடையில், அவர் 1929இல் திறந்த சிவானந்த வித்தியாலயத்தின் வளவிலேயே அடக்கம் செய்தார்கள். அந்தத் துக்கத்தில் எடுத்த முடிவுகளில் இதுவே ஆகச் சிறந்தது என்பேன். வாத்தியாரைப் பள்ளிக்கூடத்திலிருந்து யாரும் பிரிக்கவில்லை. இறைவன் திருவடிக்கு எந்த மலர் உகந்தது என்று கேட்டு, உள்ளமாகிய தாமரையே என விடை தரும் அவருடைய பாடலை அங்கே பொறித்திருக்கிறார்கள். தனியாக இரங்கற்பா தேவைப்படவில்லை.

அரசு அறிவிக்கும் துக்கம் நாள் கணக்கில் முடிந்துவிடும், கொடி மறுபடி உச்சிக்கு ஏறிவிடும். இந்தத் துக்கம் பாடசாலை நாட்காட்டிக்குள் புகுந்துகொண்டது. அவர் மறைந்த நாளைத் தமிழ்மொழித் தினமாகக் கொள்ளும் வழக்கம் வந்தது. அகில இலங்கைத் தமிழ்த்தினப் போட்டிகள் பாடசாலையில் தொடங்கி வலயம், மாகாணம் என்று தேசிய மட்டம்வரை போகின்றன. பேச்சு, பாவோதல், இசை, நாடகம் எல்லாம் உண்டு. காத்தான்குடி முஸ்லிம் மாணவியும் ஹற்றன் தோட்டத்துப் பிள்ளையும் யாழ்ப்பாணத்து மாணவனும் அங்கே ஒரே மேடைக்காகத் தயாராகிறார்கள். இவர்களில் பலர் அந்தச் சமாதிக்குப் போகும் கல்லடிப் பாலத்தை ஒருதரம்கூடக் கடந்திருக்க மாட்டார்கள்.