மாக்அப் பிறந்த கதை

மெட்ரோவில் விம்கோ நகரில் இறங்குகிறவர்கள் பலருக்கு அது ஒரு தீப்பெட்டிக் கம்பெனியின் பெயர் என்று தெரியாது. 1923-இல் தொடங்கிய வெஸ்டர்ன் இந்தியா மேட்ச் கம்பெனிதான் விம்கோ. திருவொற்றியூரில் அதற்கு ஓர் ஆலை இருந்தது. தீப்பெட்டிக்கு லேபிள்தான் முகம், விளம்பரம் எல்லாமே. அந்த லேபிளைத் தாளில் பார்ப்பது வேறு, பெட்டியில் ஒட்டிப் பார்ப்பது வேறு.

அட்டைப்பெட்டி அச்சடிக்கிறவர்கள் இதற்காகவே ‘டம்மி’ செய்தார்கள். டிசைனை அட்டையில் ஒட்டி, பிளேடால் வெட்டி, மடிப்புக் கோட்டில் ஸ்கேலை வைத்து அழுத்தி, பசை தடவி நிறுத்த வேண்டும். “லோகோவைக் கொஞ்சம் பெரிசாக்குங்க” என்று பார்ட்டி சொல்லிவிட்டால், மறுபடி முதலிலிருந்து.

இந்த வேலை கணினித் திரைக்கு வரக் கொஞ்ச காலம் ஆனது. 1987-இல் அமெரிக்காவின் மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் ஆராய்ச்சி மாணவராக இருந்த தாமஸ் நால், கணினித் திரையில் படம் காட்ட ஒரு நிரல் எழுதினார். தம்பி ஜான் நாலும் கைகொடுக்க, அது 1990 பிப்ரவரியில் போட்டோஷாப்பாக வெளிவந்தது. 1994-இல் லேயர், அதாவது படங்களை அடுக்கடுக்காக வைக்கும் வசதி, வந்தது. பெட்டியின் போட்டோமேல் டிசைனைச் சாய்த்து ஒட்ட முடிந்தது. ஆனால் ஓர் எழுத்து மாறினாலும் சாய்ப்பது, வளைப்பது எல்லாம் திரும்பச் செய்ய வேண்டும். டம்மியின் அதே தொல்லைதான்.

என் கணக்கில் மாக்அப், அதாவது திரையிலேயே பார்க்கும் டம்மி, உண்மையில் பிறந்தது 2005-இல், போட்டோஷாப் சிஎஸ்2 கொண்டுவந்த ஸ்மார்ட் ஆப்ஜெக்டோடு. வெற்று டப்பாவின் போட்டோவில் லேபிளுக்கு ஓர் இடத்தை ஒருமுறை வளைத்து வைத்துவிட்டால் போதும். அதை டபுள் கிளிக் செய்து, புது டிசைனை உள்ளே போட்டு சேவ் செய்தால், டப்பாவின் வளைவோடு அது தானே பொருந்திக்கொள்கிறது. மேலே, கீழுள்ளதை இருளாக்கும் ‘மல்டிப்ளை’ முறையில் இருக்கும் நிழல் லேயர், டப்பாவின் ஓரம் இருளும் இடத்தில் லேபிளையும் இருளச் செய்கிறது. கண் நம்பிவிடுவது அந்த நிழலால்தான். ஒருவர் செய்த கோப்பை ஆயிரம் பேர் பயன்படுத்தலாம் என்றானது. 2023-இல் டிசைன் வரையும் மென்பொருளான இல்லஸ்ட்ரேட்டருக்குள்ளேயே மாக்அப் வசதி வந்துவிட்டது.

வீட்டில் மசாலாப் பொடி அரைத்து விற்பவருக்கு இது பெரிய வரம்; அச்சுக்கூலி தராமலே தன் பாக்கெட்டைப் பார்த்துவிடலாம். ஆனால் திரை பெரும்பாலும் முன்பக்கத்தையே காட்டும். விலை, நிகர எடை, தயாரிப்பாளர் முகவரி போட வேண்டிய பின்பக்கமும், பசை தடவ வேண்டிய மடிப்பும் அதில் தெரியாது. பிரஸ்ஸுக்குக் கொடுக்கும் முன் ஒரே ஒரு டம்மியை வெட்டி, மடித்து, கையில் திருப்பிப் பாருங்கள்.