பிளாங்க்ஸ்டி பிறந்த வீடு

ஐரிஷ் பாடகர் கிறிஸ்டி மூரின் முதல் இசைத்தட்டு 1969இல் வந்தது. பதிவு நடந்தது லண்டனில். டொமினிக் பீஹன் தயாரித்தார். கூலிக்கு அமர்த்திய கலைஞர்கள் பின்னணி வாசித்தார்கள். மூருக்கு அதில் நிறைவில்லை. அடுத்த தட்டை அயர்லாந்திலேயே, தன் மனசுக்குப் பிடித்தவர்களோடு போட வேண்டும் என்று முடிவெடுத்தார். ஐரிஷ் நாட்டுப்புற இசையின் போக்கையே மாற்றிய பிளாங்க்ஸ்டி குழு அந்த முடிவிலிருந்து பிறந்ததுதான்.

மூர் 1945இல் கில்டேர் மாவட்டத்து நியூபிரிட்ஜில் பிறந்தவர். வங்கியில் குமாஸ்தாவாக இருந்தார். 1966இல் வங்கி ஊழியர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கியபோது இங்கிலாந்துக்குக் கப்பலேறினார். கிடைத்த வேலையைச் செய்துகொண்டே நாட்டுப்பாடல் மன்றங்களில் பாடினார். கையில் ஒரு கிடார், எதிரே காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் கூட்டம். ஒரு நீண்ட கதைப்பாடலைத் தனிக்குரலில் தொய்வில்லாமல் கொண்டுசெல்லும் வித்தை அங்கேதான் அவருக்குக் கைவந்தது.

1971 கோடைக்காலம். கில்டேரில் ப்ராஸ்பரஸ் என்ற சிற்றூர். அங்கே மூரின் சகோதரி குடும்பம் வசித்த பழைய வீடு, டவுனிங்ஸ் ஹவுஸ். ஒலிப்பதிவாளர் பில் லீடர் டேப் ரெக்கார்டரோடு வந்து சேர்ந்தார். நிலவறையில் பதிவு தொடங்கியது.

வந்தவர்களில் டோனல் லன்னி, மூருக்கு கிடார் சொல்லிக்கொடுத்த நியூபிரிட்ஜ் நண்பர். ஆண்டி இர்வின் லண்டனில் பிறந்து, பால்கன் நாடுகளில் அலைந்து, அந்த மண்ணின் தாளங்களைக் காதில் ஏற்றிக்கொண்டு திரும்பியவர். லியம் ஓ'ஃப்ளின் கில்டேர் மாவட்டத்துக்காரர்; லியோ ரௌசமிடம் இல்லன் பைப் கற்றவர்.

இல்லன் பைப்பை வாயால் ஊதுவதில்லை. முழங்கையின் அடியில் துருத்தியைக் கட்டி அமுக்க வேண்டும். விரல்கள் மெட்டை வாசிக்கும். ஒத்துக்குழல்கள் விடாமல் சுருதி பிடிக்கும். மணிக்கட்டு தனிச்சாவிகளை அழுத்தி இடையிடையே சுரக்கூட்டு சேர்க்கும். அன்றைய பிரபலப் பாட்டுக்குழுக்கள் கிடாரையும் பாஞ்சோவையும் நம்பியிருந்தன. பைப் பெரும்பாலும் வாத்திய இசைக்காரர்களின் உலகத்திலேயே இருந்தது. நிலவறையில் அந்த இரண்டு உலகங்களும் ஒன்றாக உட்கார்ந்தன. கிரேக்க நாட்டுக் கம்பி வாத்தியமான பூசூக்கியும் உடன் இருந்தது. அதை 1960களில் ஐரிஷ் இசைக்குக் கொண்டுவந்தவர் ஜானி மொய்னிஹன். லன்னியும் இர்வினும் தாளத்துக்கு மட்டும் கம்பியை மீட்டுகிறவர்கள் அல்ல. ஒருவர் மெட்டை எடுத்தால் மற்றவர் அதன் இடைவெளிகளில் வேறொரு மெட்டைப் பின்னுவார்.

தட்டின் முதல் பாடலைக் கேட்டாலே புதுமை புரியும். பிரபுவின் மனைவி வீட்டை விட்டு ஜிப்சிகளோடு போய்விடும் பழங்கதையை மூர் பாடி முடிக்கிறார். பாட்டு நின்ற இடத்தைப் பைப் பிடித்துக்கொள்கிறது. பார்வையற்ற ஹார்ப் கலைஞர் ருவரி தால் ஓ கஹானின் பெயரால் அறியப்படும் பழைய மெட்டு ஒன்று எழுகிறது. பாட்டுக்கும் வாத்திய இசைக்கும் நடுவே இருந்த வேலி அந்தத் திருப்பத்தில் விழுந்தது.

தட்டு 1972இல் வெளிவந்தது. பெயர் ஊரின் பெயரேதான், ப்ராஸ்பரஸ். நால்வரும் சேர்ந்து பிளாங்க்ஸ்டி ஆனார்கள். 1973இல் குழுவின் முதல் தட்டு வந்தபோதும் அதே ஜிப்சிப் பாடல்தான் முதலில் நின்றது. பிறகு லன்னி பாத்தி பேண்ட் என்ற குழுவுக்குப் போனார்; 1981இல் மூரும் அவரும் மூவிங் ஹார்ட்ஸ் தொடங்கினார்கள்.

பிளாங்க்ஸ்டியின் பிறப்பில் இன்னொருவருக்கும் பங்கு உண்டு. ஜிப்சிப் பாடல் மூருக்குக் கிடைத்தது ஜான் ரெய்லியிடமிருந்து. ஊர் ஊராக அலைந்து வாழும் டிராவலர் சமூகத்தைச் சேர்ந்தவர் அவர். டாம் மனெலி என்ற சேகரிப்பாளர் அவர் பாடியதைப் பதிவுசெய்து வைத்திருந்தார். வறுமையில் வாழ்ந்த ரெய்லி 1969இலேயே இறந்துபோனார். தன் பாட்டு அடைந்த புகழை அவர் பார்க்கவில்லை. நால்வரின் திறமை பெரியது, மறுக்கவே முடியாது. ஆனால் ஒரு பாட்டை நினைவில் காத்து, கேட்டவர்களுக்கு அள்ளிக்கொடுத்த அந்த மனிதர் இல்லையென்றால் தட்டின் முதல் பாட்டே இல்லை. பிளாங்க்ஸ்டியின் வரலாற்றை யார் எழுதினாலும் ரெய்லியின் பெயரை ஐந்தாவதாகச் சேர்த்துத்தான் எழுத வேண்டும்.