காகிதச் சுருளுக்கு முன்னே காதோலை

குவில்லிங் என்பது மெல்லிய காகிதக் கீற்றுகளைச் சுருட்டி ஒட்டும் கைவேலை. ஐரோப்பாவில் பறவை இறகின் தண்டில் கீற்றைச் சுருட்டியதால் வந்த பெயர் இது. ஆனால் கீற்று நறுக்கிச் சுருட்டி அணிகலன் செய்வது தமிழர்களுக்குப் புதிதல்ல. காகிதத்துக்குப் பதில் இங்கே பனையோலை இருந்தது.

ஓலையின் ஈர்க்கை நீக்கி, உலர்த்தி, ஒரே அகலத்தில் நறுக்கி, இறுக்கமாகச் சுருட்டினால் அது காதோலை. குத்திய காதில் வைத்தால் சுருள் விரியப் பார்க்கும். அந்த அழுத்தத்தில் துளை மெல்ல மெல்லப் பெரிதாகும். கையை விட்டதும் காகிதச் சுருள் தளர்வதும் இதே குணத்தால்தான்.

பின்னாளில் பொன்னில் செய்தபோதும் பழைய பெயர் போகவில்லை. காதணியைக் குறிக்கும் 'தோடு' என்ற சொல்லுக்கே ஓலை என்றும் பொருள் உண்டு.

பொன் எல்லோருக்கும் கிட்டவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். திருவட்டாறு அடங்கியிருந்த திருவிதாங்கூர் சமஸ்தானத்தில், தாழ்த்தப்பட்ட சாதியினர் பொன், வெள்ளி நகை அணியக் கட்டுப்பாடுகள் இருந்தன. காசு இருந்தாலும் விருப்பப்படி அணிய முடியாது. பனையோ ஏழை வீட்டு வாசலிலும் நின்றது.

இன்று காதில் ஓலை அணிபவர் இல்லை என்றே சொல்லலாம். ஆனாலும் ஆடிப்பெருக்கு அன்று காவிரிக் கரையில் காதோலையும் கருகமணியும் வைத்துப் படைக்கிறார்கள். சிவப்புச் சாயம் தோய்த்த சின்னச் சுருள் அது.

குவில்லிங் கீற்று கடையில் பாக்கெட்டாகக் கிடைக்கிறது. வீட்டிலேயே வெட்டுபவர்கள் காதோலை செய்தவர்களின் விதியை மறக்காமல் இருந்தால் போதும். அகலம் ஒன்றுபோல் இல்லாவிட்டால், ஓலையானாலும் காகிதமானாலும், சுருள் கோணிவிடும்.