கெதலியாவின் நோன்பு

யூத நாட்காட்டியில் ஜெருசலேம் முற்றுகைக்கும், மதில் உடைபட்டதற்கும், ஆலயம் எரிந்ததற்கும் நோன்புகள் உண்டு. மூன்றும் எதிரி செய்தவை. திஷ்ரி மாதம் 3ஆம் நாள் நோன்பு வேறு மாதிரி. இரண்டு நாள் புத்தாண்டு கொண்டாடிய கையோடு, விடியலிலிருந்து இருட்டும்வரை பச்சைத் தண்ணீர்கூடக் குடிப்பதில்லை. யாருக்காக? பாபிலோன் பேரரசு நியமித்த ஒரு ஆளுநருக்காக. கொன்றவனும் யூதன்தான்.

கதை எரேமியா நூலில் இருக்கிறது. கி.மு. 586 வாக்கில் நேபுகாத்நேச்சாரின் படை ஜெருசலேமை அழித்தது, மேல்தட்டினரை நாடுகடத்தியது, ஒன்றுமில்லாத ஏழைகளுக்குத் திராட்சைத் தோட்டமும் வயலும் கொடுத்தது. மிஸ்பாவில் அவர்களுக்குத் தலைவனாக்கப்பட்டவன் கெதலியா. பாபிலோனுக்கு அடங்கியிருங்கள், அறுவடையைப் பாருங்கள் என்றான். மோவாப், அம்மோன், ஏதோம் என்று சிதறி ஓடியவர்கள் திரும்பி வந்தார்கள். விளைச்சலும் அமோகம்.

அரச வம்சத்து இஸ்மவேல் பத்துப் பேரோடு வந்தான். கெதலியாவோடு உட்கார்ந்து சாப்பிட்டான். பிறகு வெட்டினான். அம்மோன் அரசன் ஏவினான் என்கிறது பிரதி. அவனை விடுதலை வீரனாக வாசிக்கவும் இடமிருக்கிறது. ஆனால் இரண்டாம் நாள் காணிக்கையோடு வந்த 80 யாத்திரிகர்களில் 70 பேரையும் கொன்று பள்ளத்தில் போட்டான். ஒளித்துவைத்த கோதுமையும் எண்ணெயும் தேனும் உண்டென்று சொன்ன பத்துப் பேரை மட்டும் விட்டான். பாபிலோன் பழிவாங்கும் என்று பயந்து மிச்ச சனங்கள் எகிப்துக்கு ஓடினார்கள். நிலம் கிடைத்த ஏழைகளின் கதை அதோடு சரி.

கெதலியா பேரரசின் ஆள் என்பதை மறைக்க வேண்டியதில்லை. தல்மூதும் அவனைச் சும்மா விடவில்லை: எச்சரிக்கையைக் கேளாததால் அந்தப் பிணங்களுக்கு அவனும் பொறுப்பு என்கிறது. அதே தல்மூத் அவன் சாவை ஆலயம் எரிந்ததற்கு ஈடாகவும் வைக்கிறது.

1995 நவம்பர் 4 அன்று டெல் அவிவில் பிரதமர் ராபினை இகால் அமீர் என்ற யூதன் சுட்டுக்கொன்றான். பாலஸ்தீனரோடு ஒஸ்லோ ஒப்பந்தம் செய்ததுதான் குற்றம். கெதலியா மறுபடி பேசப்பட்டான். ஒப்புமை முழுசாகப் பொருந்தாது: ராபின் ஆக்கிரமித்த அரசின் தலைவர், கெதலியா ஆக்கிரமிக்கப்பட்டவர்களின் தலைவன். பொருந்துவது, 'துரோகி' என்ற ஒரே சொல்லில் தீர்ப்பையும் தண்டனையையும் முடித்துவிடுகிற தர்க்கம்.

இந்த நோன்பு கெதலியாவுக்கு நற்சான்று தருவதாக நான் வாசிக்கவில்லை. அவனைக் கொன்றதால் யார் யார் அழிந்தார்கள் என்று வருஷா வருஷம் கேட்கச் சொல்கிறது. அந்தப் பள்ளத்தில் கிடந்த 70 பேருக்குப் பிரதியில் பெயர்கூட இல்லை. விடுதலை பேசுகிற நாம் தொடங்க வேண்டிய இடம் அந்தப் பள்ளம்தான்.