மேடைப் பாட்டும் விடுதலை வேட்கையும்

ஆண்டுகளையும் உடன்படிக்கைகளையும் மனப்பாடம் செய்வதே வரலாறு என்று எண்ணும் மாணவர்களிடம், அக்காலத்து மக்கள் எதைப் பாடினார்கள் என்று கேட்பது என் வழக்கம். விடுதலைப் போராட்டக் காலத் தமிழ்நாட்டைப் பொறுத்தமட்டில், அவ்வினாவிற்குரிய விடை நாடக மேடையில் கிடைக்கிறது.

நாடகங்களைத் தடை செய்யும் அதிகாரத்தை ஆங்கில அரசு 1876ஆம் ஆண்டிலேயே சட்டமாக்கிக்கொண்டது. ஆயினும், வள்ளி திருமணத்தில் தடுப்பதற்கு என்ன இருக்கிறது? முருகனும் வள்ளியும் தினைப்புனமும் அரசை என்ன செய்துவிடும்? கதை பழைய கதையாகவே நின்றது. இடையிடையே நுழைந்த பாட்டுத்தான் புதியது. அப்பாட்டுக்கும் கதைக்கும் என்ன தொடர்பு என்று அவையோர் கேட்கவுமில்லை. 1919இல் ஜாலியன்வாலாபாகில் நிகழ்ந்த படுகொலையை மதுரகவி பாஸ்கரதாஸ் பாட்டாக்கினார். செய்தித்தாள் படிக்க அறியாதோரும் பஞ்சாபின் துயரத்தைச் செவிவழியே அறிந்தனர். வள்ளி திருமணத்திலோ, வெள்ளைக் கொக்கைப் பற்றிய பாட்டு ஒன்று வரும். தினைப்புனத்தில் பறவையைப் பாடுவது இயல்புதானே! அந்தக் கொக்கு யார் என்பதை எவரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. அவையோரும் அறிந்தனர், காவலரும் அறிந்தனர்.

இசைவல்லார் சிலர் இப்பாடல்களைப் பொருட்படுத்தவில்லை. மெட்டுகள் பல இரவல் என்பது உண்மையே. ஆனால், பழகிய மெட்டாக இருந்தமையால் அன்றோ, இரவு கேட்டவன் மறுநாள் வயலில் அதைப் பாட முடிந்தது? பின்னர் இசைத்தட்டுகளும் பாஸ்கரதாஸின் பாடல்களை ஊர்தோறும் கொண்டுசென்றன.

கொக்குப் பாட்டால் பெரும்புகழ் பெற்றவர் எஸ். எஸ். விசுவநாததாஸ். 1886இல் சிவகாசியில், முடிதிருத்துவோர் குலத்தில் பிறந்தவர். பாடியதற்காகவே பலமுறை சிறை சென்றார். வரலாற்று நூல்கள் இதனை விரித்துரைக்கும். மற்றொன்றை அவை விரைந்து கடந்துவிடுகின்றன. நான் வகுப்பில் அதனைக் கடந்ததில்லை. அவர் முருகனாக வருகையில், வள்ளியாக உடன் நடிக்க நடிகையர் சிலர் குலத்தைக் காட்டி மறுத்தனர். அந்நியனை எதிர்த்த பாட்டுக்குக் கைதட்டிய சமூகத்திலேதான் இதுவும் நடந்தது. ஆயினும் மேடையேறி முருகனாக நின்றவர் அவரே. அவர் பாட்டைக் கேட்கவே விடிய விடியக் கூட்டம் காத்திருந்தது. அரசியல் மாறுதலைப் பாட்டின் சொல் காட்டியது என்றால், சமூக மாறுதலை அதைப் பாடியவர் நின்ற இடம் காட்டியது எனலாம்.

1940 டிசம்பர் 31 அன்று, சென்னையில் முருகனாக மயில் வாகனத்தில் அமர்ந்து பாடிக்கொண்டிருக்கும்போதே அவர் உயிர் நீத்தார். திருமங்கலத்தில் அவருக்கு நினைவில்லம் இருக்கிறது. மதுரைப் பக்கம் செல்லும் மாணவர்கள் அதனைக் கண்டு வரலாம்.