பனிவீட்டில் கழுவிய படங்கள்

வடதுருவத்தை ஒட்டிய பனி நாட்டு மக்களை எஸ்கிமோக்கள் என்று நாம் பள்ளிப் பாடத்தில் படித்திருக்கிறோம். அவர்கள் தங்களை இனுயிட் என்றே அழைத்துக்கொள்கிறார்கள். அவர்களை உலகுக்குக் காட்டிப் பெயர் பெற்ற படம் 1922-இல் வெளிவந்த 'நானூக் ஆஃப் த நார்த்'. எடுத்தவர் ராபர்ட் பிளாஹர்ட்டி என்ற அமெரிக்கர். நானூக்காக வருபவரின் உண்மைப் பெயர் அல்லகரியல்லக். அந்நாளில் அம்மக்கள் துப்பாக்கி பிடித்து வேட்டையாடினார்கள், படத்திலோ ஈட்டிதான். கிராமபோன் தட்டையே கண்டறியாதவர் போல அவர் அதைக் கடித்துப் பார்க்கிறார். படச்சுருளைக் கழுவியதிலும் காமிராவைப் பழுது பார்த்ததிலும் இனுயிட்டுகளின் கை இருந்தது. எதைக் காட்டுவது என்ற கடைசி முடிவு மட்டும் வந்தவருடையது.

கனடாவின் பாஃபின் தீவுப் பக்கத்தில் பீட்டர் பிட்சியோலக் என்று ஒருவர் வாழ்ந்தார். 1902-இல் பிறந்தவர். 1930களில் ஒரு வெள்ளைக்காரர் பனிக்கரடியைப் படமெடுக்க ஆசைப்பட்டு, கிட்டே போக அஞ்சி, காமிராவை இவர் கையில் கொடுத்தார். அதுவே இவர் எடுத்த முதல் படம். 1940களின் தொடக்கத்தில் ஒரு கத்தோலிக்கப் பாதிரியாரிடமிருந்து சொந்தக் காமிரா கிடைத்தது. இருட்டறைக்கு எங்கே போவது? வேட்டைக்குப் போன இடத்தில் கட்டிய பனிவீடே இருட்டறை. டார்ச் லைட்டின் மீது சிவப்புத் துணியைச் சுற்றி, மனைவி அக்கியோக்கின் துணையோடு படங்களைக் கழுவினார்.

அந்தக் காலத்தையும் நாம் கொஞ்சம் எண்ணிப் பார்க்க வேண்டும். 1941 முதல் கனடா அரசு இனுயிட்டுகளுக்கு எண் பொறித்த வில்லைகளைக் கொடுத்தது. அரசுப் பதிவேட்டில் ஆளை அறிவது அந்த எண்ணால்தான். அவர்கள் பெயர்களை எழுதுவது அதிகாரிகளுக்குக் கடினமாம்! 1970களில்தான் அம்முறை ஒழிந்தது.

பிட்சியோலக் தம் உறவினரையும் வேட்டையையும் கூடாரங்களையும் ஏறக்குறைய இருபது ஆண்டுகள் படமெடுத்தார். சிலரைப் பழைய தோலாடை உடுத்தச் செய்தும் எடுத்தார். அப்படியானால் பிளாஹர்ட்டி செய்ததும் இதுவும் ஒன்றுதானே என்று கேட்கலாம். நாம் அப்படி நினைக்கவில்லை. அங்கே பார்த்தவர்கள் தூர தேசத்தில் டிக்கெட் வாங்கியவர்கள். இவரோ அம்மக்களின் வருங்காலப் பிள்ளைகளை நினைத்து எடுத்தார். 1973-இல் அவர் காலமான பின், 1500-க்கும் மேற்பட்ட நெகட்டிவ்கள் கனடாவின் தேசிய அரும்பொருளகத்துக்குச் சென்றன.

வடக்கே இக்லூலிக் என்ற ஊர், 1975-இலும் 1979-இலும் வாக்கெடுத்து, தொலைக்காட்சியே வேண்டாம் என்றது. தங்கள் மொழி அதில் இல்லையே! அவ்வூர்ச் சிற்பி சக்கரியாஸ் குனுக், 1981-இல் தாம் செதுக்கிய சிலைகளை விற்று வீடியோ காமிரா வாங்கினார். 2001-இல் அவர் இயக்கிய 'அதனார்ஜுவாட்' முழுக்க இனுயிட் மொழிப் படம். கான் திரைப்பட விழாவில், முதல் படத்துக்கான பரிசைப் பெற்றது. கதை முடிந்து பெயர்கள் ஓடும்போது, இக்காலச் சட்டை போட்ட அவ்வூர் ஆட்கள் காமிராவும் கையுமாக நிற்பதையும் காட்டுகிறார்கள்.